அலோய்ஸ் பவெல்காவும் கடைசி ஆட்டங்களும்

"உனக்குச் சட்டுன்னு சிரிப்பு வருமா?"

அலோய்ஸ் பவெல்கா என்னிடம் கேட்ட முதல் கேள்வி இது. எங்கள் ஊர் நாடக அரங்கில் வசனம் எடுத்துக் கொடுக்கும் வேலையில் நான் சேர்ந்த முதல் நாள். மேடையின் இடது ஓரத்தில், பக்கத்திரையின் மறைவில், எனக்கு ஒரு நாற்காலியும் சின்ன விளக்கும் கொடுத்திருந்தார்கள். கையெட்டும் தூரத்தில் மேடை மேலாளர் கமிலின் மேஜை. ஒத்திகை தொடங்க இன்னும் நேரமிருந்தது. நீண்ட முகமும் ஒடுங்கிய தோளுமாக அவர் என் முன்னால் வந்து நின்றார். டிவியில் பார்த்த முகம் என்பதால் தன்னை யாரென்று சொல்லிக்கொள்ளத் தேவையிருக்கவில்லை.

"வராது சார்," என்றேன்.

"பக்கத்துல இருக்கறவங்க சிரிச்சா?"

"அப்பவும் பெரும்பாலும் வராது. சின்ன வயசுலேர்ந்தே அப்படித்தான்."

"நல்லது. நடுவுல எழுந்து போவியா? சிகரெட், போன், அது இதுன்னு?"

"போக மாட்டேன்."

"உனக்கு முன்னாடி இருந்தவ போவா." குரலைத் தாழ்த்திக்கொண்டார். "கமிலும் போவான்."

"கேக்குது லோய்ஸா," என்றார் கமில், தலையைத் தூக்காமல்.

பவெல்காவுக்கு வசனம் மறந்துவிடும் என்ற பயம்போலும் என்று நினைத்துக்கொண்டேன். "கவலைப்படாதீங்க சார். ஒரு வார்த்தை தடுமாறினாலும் எடுத்துக் கொடுத்துடுவேன்."

"வசனமா? முப்பத்தஞ்சு வருஷமா ஒரு வார்த்தை தடுமாறினதில்ல நான். இவனையே கேளு."

"உண்மைதான்," என்றார் கமில். "ரெண்டு வரி வசனத்தை மறக்கறதுக்கும் ஒரு தனித் திறமை வேணும்."

பவெல்கா சிரிக்கவில்லை. நானும் சிரிக்கவில்லை. நான் சிரிக்கிறேனா என்று அவர் கவனித்ததைப் பார்த்தேன்.

"அப்ப எதுக்கு சார் பயப்படறீங்க?"

"சாகறதுக்கு."

"யோவ், நேத்து சாயங்காலம்தானே செத்தே!" கமில் பேனாவைக் கீழே வைத்தார். "சனிக்கிழமை ரெண்டு காட்சி, ரெண்டு தடவை சாகணும். உன்னை மாதிரி சாகப் பழகினவன் இந்த மாநிலத்துலயே கிடையாது."

"அது வேற, கமில்," என்று சொல்லிவிட்டு பவெல்கா ஒத்திகைக்குப் போனார்.

அன்று எனக்கு அது முதியவர் ஒருவரின் வேடிக்கைப் பேச்சாகத்தான் பட்டது. வேடிக்கை இல்லை என்று புரிய ஒரு வருடத்துக்கு மேலாயிற்று.

கார்வினாப் பக்கத்துச் சுரங்கக் குடியிருப்பில் பிறந்தவர் அவர். அப்பா நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளி. வேலை நேரம் மாறும்போது ஊதும் சங்கு அந்தக் குடியிருப்பில் யாரையும் ஒன்றும் செய்யாது. குழந்தைகள்கூடத் தூக்கத்திலிருந்து புரள மாட்டார்கள். நேரம் தப்பி ஊதினால்தான் வேறு கதை: கீழே விபத்து. அடுப்படியில் நிற்கும் பெண்கள் கரண்டியைப் பிடித்தபடி அப்படியே உறைந்துவிடுவார்கள், சூப் பொங்கி வழிந்தாலும் யாரும் இறக்க மாட்டார்கள். அப்பா ஒவ்வொரு முறையும் திரும்பி வந்தார், கடைசியில் ஓய்வூதியம் வாங்கி, படுக்கையில்தான் இறந்தார். ஆனாலும் சங்கு பவெல்காவின் காதை விட்டுப் போகவில்லை. அரங்கின் இடைவேளை மணி கொஞ்சம் முன்பின்னாக அடித்தால் அவர் கை தானாகப் பக்கத்துச் சுவரைத் தேடும்.

ஓஸ்ட்ராவாவில் நடிப்புப் படித்தபோது ஆசிரியர் ஒருவர் இவரை நிற்கவைத்துப் பார்த்துவிட்டு, "தம்பி, நீ பிறந்ததே ஐம்பது வயசுலதான், காதலன் வேஷத்துக்குக் காத்துட்டு இருக்காதே," என்றாராம். அது பலித்தது. இருபத்திநான்கு வயதில் ஓய்வுபெற்ற நீதிபதி. பிறகு வேலைக்காரர்கள், வனக்காவலர்கள், இரண்டு வரி பேசும் பாதிரியார்கள், எல்லாவற்றுக்கும் மேலாக, இடைவேளைக்கு முன் சாகிறவர்கள். எழுதுகிறவருக்கு ஒரு சாவு தேவைப்படும், முக்கிய நடிகரைக் கொல்ல மனம் வராது, அந்த இடத்தில் பவெல்கா இருப்பார். கத்தியால் குத்தப்பட்டார், கிணற்றில் விழுந்தார், ஒருமுறை தேனீ கொட்டிச் செத்தார். இறைச்சிக் கடையில் வரிசையில் நிற்கும்போது கடைக்காரர் கேட்பார்: "என்ன சார், நேத்து எதுல போனீங்க?" பவெல்கா மரியாதையாகப் பதில் சொல்வார்: "விஷம்." "அப்ப ஈரல் வேணாம், தொத்திறைச்சி எடுத்துக்குங்க."

சினிமாவில் மூன்று முறை வந்தார். ஒன்றில் அவருடைய முதுகு மட்டும்தான் தெரியும். டிவிக்காக எடுத்த ஒரு தேவதைக் கதையில் இரண்டாவது பிசாசு. ஒவ்வொரு கிறிஸ்துமஸுக்கும், மீனும் உருளைக்கிழங்கு சாலடும் சாப்பிட்டு முடிக்கும் நேரத்தில், அது ஒளிபரப்பாகும். அவருக்கு அதில் ஒரே வசனம்: "இவனையும் தூக்கிட்டுப் போயிடலாமா?" எங்கள் ஊர்க் குழந்தைகள் அவரைக் கண்டால் அம்மாவின் பாவாடைக்குப் பின்னால் போய்விடுவார்கள். டிசம்பரில் புனித மிக்குலாஷ் பிசாசையும் தேவதையையும் கூட்டிக்கொண்டு குழந்தைகளைப் பார்க்க வீடு வீடாகப் போகும் மாலைக்குப் பிசாசாக வரச்சொல்லி அவருடைய அடுக்குமாடியில் எல்லோரும் கேட்பார்கள். ஒரு தடவைகூட அவர் ஒப்புக்கொண்டதில்லை. குழந்தை நிஜமாகவே பயப்படும்போது முகம் எப்படி ஆகிறது என்பதைத் தன்னால் பார்க்க முடியாது என்று காரணம் சொன்னார்.

சம்பாதித்துக் கொடுத்தது டப்பிங். ஆழமான, அவசரமில்லாத குரல் என்பதால் வெளிநாட்டுத் தொடர்களில் அறுவைச் சிகிச்சை அறையிலிருந்து வெளியே வந்து தொப்பியைக் கழற்றும் டாக்டரின் குரல் அவர்தான். "எங்களால முடிஞ்சதை எல்லாம் செஞ்சோம்." இதை எத்தனை குடும்பங்களிடம் சொல்லியிருப்பார் என்று அவருக்கே தெரியாது. தபால் நிலையத்தில் அவர் "அடுத்து நானா?" என்று கேட்டதற்கு ஒரு பெண்மணி மார்பில் சிலுவை போட்டுக்கொண்டதை நானே பார்த்திருக்கிறேன்.

இப்படிப்பட்டவர் சாவுக்குப் பயப்படுகிறார் என்றால் யாருக்கும் சிரிப்புத்தான் வரும். ஆனால் எல்லா நாளும் அவருக்கு அந்தப் பயம் இல்லை. நாடகங்களின் கடைசி ஆட்டத்தன்று மட்டும்தான்.

எங்கள் ஊர்களில் ஒரு நாடகம் அரங்கை விட்டுப் போகிற கடைசி நாளில் நடிகர்கள் ஒருவரை ஒருவர் மேடையிலேயே சிரிக்கவைத்துக் கவிழ்க்கப் பார்ப்பார்கள். தண்ணீர்க் கோப்பையில் நிஜ வோட்கா இருக்கும். காதல் கடிதத்தைப் பிரித்தால் உள்ளே வேறு ஏதாவது எழுதியிருக்கும், அதைச் சிரிக்காமல் படித்தாக வேண்டும். பெட்டிக்குள் செங்கல், தொப்பிக்குள் மாவு. நாடகத்தைப் பலமுறை பார்த்த ரசிகர்கள் அன்றைக்கென்றே டிக்கெட் வாங்குவார்கள். எந்த இடத்தில் வழக்கம் மாறுகிறது என்று கண்டுபிடிப்பதுதான் அவர்களுக்கு விருந்து. முதல் ஆட்டத்துக்கு முன் நாடகக்காரர் வழக்கப்படி "கழுத்தை ஒடிச்சுக்கோ" என்று வாழ்த்தித் தோளுக்கு மேல் துப்புகிற பவெல்கா, கடைசி ஆட்டத்துக்கு முன் யாரையும் வாழ்த்த மாட்டார். காலையிலிருந்து சாப்பிட மாட்டார். மேடைக்குப் போகுமுன் ஒவ்வொரு கோப்பையையும் மோந்து பார்ப்பார். இடைவேளையில் அவர் மனைவி யர்மிலா வாயில்காப்பாளருக்குப் போன் செய்து, "நடமாடிட்டுத்தானே இருக்கார்?" என்று கேட்பார். கூட நடிப்பவர்கள் அவரை உப்புச்சப்பில்லாத மனுஷன் என்று முடிவு கட்டியிருந்தார்கள். அவர் யாரையும் கவிழ்த்ததில்லை. நாடகப் புத்தகத்தில் இல்லாத ஒரு சொல்லைக்கூட அவர் மேடையில் சொல்லி அவர்கள் கேட்டதில்லை.

ஏன் என்று ஒரு பிப்ரவரி மத்தியானம் என்னிடம் சொன்னார். ஒத்திகை முடிந்து உணவுக்கூடம் காலியாகியிருந்தது. பருப்பு சூப்பைக் கலக்கிக்கொண்டே இருந்தார், சாப்பிடவில்லை.

"டாக்டர்கிட்ட போய்ட்டு வந்தேன் ஹலிங்கா. நெஞ்சுல ஒரு வால்வு சரியா மூடறதில்லையாம். ஏப்ரல்ல கத்தி வெக்கணும்."

"அதுவரைக்கும் நடிக்கலாமாமா?"

"நடிக்கலாமாம். படி ஏறக்கூடாது, கோபப்படக்கூடாது, பயப்படக்கூடாது." கரண்டியைக் கீழே வைத்தார். "பயப்படக்கூடாதாம்."

அப்புறம்தான் ஷ்டெஃபெக்கின் கதையைச் சொன்னார். சொல்லச் சொல்ல அரங்கத்துச் செக் மொழி அவரிடமிருந்து கழன்று விழுந்தது. எல்லைப்புறச் சுரங்க வீடுகளில் பேசுகிற, பாதி போலிஷ் கலந்த அம்மா பேச்சு வந்தது. நான் போலிஷ் பள்ளியில் படித்து, பிறகு செக்கில் கல்லூரி முடித்தவள். என் வீட்டிலும் அதே பேச்சுதான். அரங்கில் அவர் அதைப் பேசி நான் கேட்டது அதுதான் முதல் தடவை.

எவ்ஜென் ஷ்டெஃபெக் அந்தக் காலத்து முன்னணி நடிகர். பவெல்கா சேர்ந்து இரண்டாவது வருடம். ஒரு ஹோட்டல் நாடகம், கடைசி ஆட்டம். பவெல்காவுக்கு வெயிட்டர் வேஷம், வசனமே இல்லை, தட்டைப் பிடித்துக்கொண்டு நிற்க வேண்டும். ஷ்டெஃபெக் உட்காரக்கூடாத இடத்தில் உட்கார்ந்தார். கழுத்துப்பட்டையைத் தளர்த்தி, "மூச்சு முட்டுது," என்றார். அது நாடகத்தில் இல்லை. எல்லோரும் ஆவலாகப் பார்த்தார்கள், பெரியவர் இன்று யாரைக் கவிழ்க்கப்போகிறார் என்று.

"எனக்கு என்ன தோணிச்சோ... தட்டை நீட்டிட்டுக் குனிஞ்சு சொன்னேன். 'மன்னிக்கணும் ஐயா, இந்த ஹோட்டல்ல காத்துக்குத் தனி பில்.' அரங்கமே அதிர்ந்துது. எனக்கு அதுக்கு முன்னாடி யாரும் கை தட்டினதே இல்ல ஹலிங்கா. ஷ்டெஃபெக்கும் சிரிச்சார். என்னைப் பாத்துச் சிரிச்சார். கைதட்டல் அடங்கறதுக்குள்ள தலை மேஜைல விழுந்துது. அதுக்கும் கை தட்டினாங்க."

திரை இறங்கியபோது ஷ்டெஃபெக்குக்கு உயிர் இல்லையாம்.

"அடுத்த வாரம் டைரக்டர் கூப்பிட்டு, உனக்கு நகைச்சுவை வருதேப்பா, வசனம் உள்ள வேஷம் தரேன்னார். அப்படித்தான் எனக்கு இந்த வாழ்க்கை கிடைச்சுது."

கூடத்தில் யாரோ தட்டுகளை அடுக்கும் சத்தம். அவர் நிமிர்ந்தார்.

"மார்ச்சுல மில்காரர் நாடகத்துக்குக் கடைசி ஆட்டம். எனக்கு ஏதாவது ஆச்சுன்னா, எல்லாரும் சிரிப்பாங்க."

"லீவு போட்டுடுங்க சார்."

"எனக்கு மாற்று ஆள் கிடையாது. நான் படுத்தா ஆட்டம் ஒரு வாரம் தள்ளிப் போகும். அப்பவும் என்னைத் தேடிட்டுத் திரும்பி வரும்."

"மத்தவங்ககிட்டயாவது சொல்லிடுங்களேன்."

"சொன்னா அப்புறம் என்னோட எவன் நடிப்பான்? நான் இருமினாலே பதறுவான். ஏப்ரலுக்கு அப்புறம் வேஷமும் வராது." கிண்ணத்தைத் தள்ளிவைத்தார். "நான் புத்தகத்துல இல்லாததைச் சொல்ல மாட்டேன். அது உனக்குத் தெரியும். சொன்னா அது நடிப்பு இல்ல. நீ மட்டும் அதை ஞாபகத்துல வெச்சுக்கோ."

அந்த நாடகத்தில் அவர் நோட்டரி. மில்காரர் குடும்பம் சாப்பாட்டு மேஜையைச் சுற்றி உட்கார்ந்திருக்கும். மில் யாருக்கு என்று உயிலில் எழுதியிருப்பது நோட்டரிக்கு மட்டும்தான் தெரியும். அவர் நிதானமாக சூப் குடித்து முடிப்பார். "கதவைச் சாத்துங்க, சொல்றேன்," என்பார். சொல்வதற்குள் நாற்காலியிலேயே செத்துப்போவார். மீதி நாடகம் முழுக்க குடும்பம் அடித்துக்கொள்ளும்.

மார்ச்சில் ஒரு ஞாயிற்றுக்கிழமை, பிற்பகல் காட்சி. அரங்கு நிறைந்திருந்தது. முதல் அரை மணியிலேயே பெரிய மகனாக நடித்த மார்செல், மருமகளாக நடித்தவளின் கைப்பையில் உயிருள்ள கோழிக்குஞ்சைப் போட்டிருந்தான். கமில் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கினார். பவெல்கா மேடைக்குள் போகுமுன் என் நாற்காலியருகே ஒரு நொடி நின்றார். ஒப்பனைக்கு அடியிலும் முகம் வெளுத்திருந்தது. அரங்கப் பொருள்கள் வைக்கும் மேஜைக்குப் போய் சூப் கிண்ணத்தை மோந்து பார்த்தார். வழக்கமான வெறும் தேயிலைத் தண்ணீர். திருப்தியோடு உள்ளே போனார்.

ஆனால் கிண்ணத்தை மேடைக்குக் கொண்டுபோகிறவன் மார்செல். என் பக்கமாகத்தான் கடந்து போனான். அவன் கையில் அதே கிண்ணம்தானா என்று எனக்குத் தெரியவில்லை.

பவெல்கா மேஜையில் உட்கார்ந்தார். கரண்டியை நிரப்பி, வழக்கம்போல ஒரே மூச்சாக வாயில் வைத்தார். இரண்டாவது கரண்டி பாதியில் நின்றது. முகம் சிவந்தது, பிறகு கருத்தது. கண்ணில் நீர் கொட்டியது. கை நெஞ்சுக்குப் போனது.

அவருடைய வசனத்தை மெல்ல எடுத்துக் கொடுத்தேன். "கதவைச் சாத்துங்க, சொல்றேன்."

என் பக்கம் திரும்பினார். இல்லை என்பதுபோலத் தலையை ஆட்டினார். வாய் திறந்து மூடியது. பிறகு சொன்னார்:

"கதவைத் தொறங்க. மூச்சு முட்டுது."

அம்மா பேச்சில் சொன்னார்.

அரங்கம் வெடித்தது. சாத்தச் சொல்ல வேண்டியவர் திறக்கச் சொல்கிறார், அதுவும் சுரங்கத்துப் பேச்சில்! முப்பத்தைந்து வருடமாக ஒரு சொல் மாற்றாத லோய்ஸா பவெல்கா கடைசியில் அனைவரையும் கவிழ்த்துவிட்டார். பின்வரிசையில் யாரோ எழுந்து நின்று கை தட்டினார்கள். மார்செல் மேஜைமேல் சாய்ந்து, கச்சிதமாக, "நோட்டரி ஐயா, காத்தை யாருக்குன்னு உயில்ல எழுதலையே?" என்றான். இரண்டாவது அலை எழுந்தது. பவெல்கா மார்செலைப் பார்த்த பார்வையை நான் பார்த்தேன். ஷ்டெஃபெக் தன்னைப் பார்த்துச் சிரித்தார் என்று சொன்னாரே, அது சிரிப்பே இல்லை என்று அப்போது எனக்குப் பட்டது.

"கமில், திரையை இறக்குங்க," என்றேன்.

அவர் காதில் விழவில்லை. கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்துக்கொண்டிருந்தார். நான் எழுந்து, அவர் தோளுக்கு மேலாகக் கையை நீட்டி, பொத்தானை அழுத்தினேன்.

திரை விழுந்ததற்கும் கை தட்டினார்கள். விளக்குகள் எரிந்த பிறகுதான் தட்டல் குழம்பி நின்றது. பொறுமையிழந்த விசில் கேட்டது. நான் மேடைக்கு ஓடினேன். அரங்கின் பணி மருத்துவர் வந்தார், கழுத்துப்பட்டையை அவிழ்த்தார், நாடி பார்த்தார், கிண்ணத்தை எடுத்து மோந்து பார்த்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

"க்ரென்," என்றார். "காடி ஊத்தித் துருவின க்ரென். யானைக்குக்கூட மூச்சு நிக்கும்."

பன்றிக்கறியோடு தொட்டுக்கொள்ளும் அந்தக் காரக்கிழங்கு, மில்காரர் வீட்டு சூப் நிறையக் கிடந்தது. நாடி கொஞ்சம் வேகம், வேறொன்றும் இல்லை. பவெல்கா ரொட்டித் துண்டை மென்றுகொண்டிருந்தார்.

"ஒரு தமாஷுக்கு, ஒரு சின்னத் தமாஷுக்கு திரையை இறக்கறாங்களா?" மார்செல் என்னிடம் கத்தினான். "அந்த மனுஷனுக்கு வாழ்க்கைலயே பெரிய கைதட்டல் அது! அதை நடுவுல அறுத்துட்டியே!"

திரை மறுபடி ஏறியது. பவெல்கா அதே நாற்காலியில் உட்கார்ந்து, புத்தகத்தில் உள்ளபடி, கதவைச் சாத்தச் சொல்லிச் செத்தார். யாரும் சிரிக்கவில்லை.

அரங்கத் தலைவர் மறுநாள் காலை என்னை அறைக்குக் கூப்பிட்டார். திரை கமிலின் பொறுப்பு, உன் வேலை வாயால் மட்டும்தான், இன்னொரு தடவை இப்படி ஆனால் நீ வேறு இடம் பார்த்துக்கொள்ள வேண்டியதுதான் என்றார். அவர் சொன்னதில் தவறு எதுவும் எனக்குத் தெரியவில்லை. ஊர்ப் பேக்கரியில் அதற்குள் கதை பரவியிருந்தது. "க்ரென் இல்லாத ரொட்டிதான், பயப்படாம சாப்பிடும்மா," என்றாள் கடைக்காரி.

மேடைக்கு வந்தபோது பவெல்கா என் நாற்காலிக்குப் பக்கத்தில் நின்றிருந்தார். வெள்ளிக்கிழமை இன்னொரு நாடகத்துக்குக் கடைசி ஆட்டம் என்று அறிவிப்புப் பலகையில் ஒட்டியிருந்தார்கள். அதில் அவர் வனக்காவலர், இடைவேளைக்கு முன் சுடப்படுவார். ஏப்ரல் இன்னும் பிறக்கவில்லை.

"மன்னிச்சுக்குங்க சார்," என்றேன். "அவசரப்பட்டுட்டேன். என்னோட உங்களையும் பாத்து ஊரே சிரிக்கும்படி ஆயிடுச்சு."

"ஆமா. தப்புதான்." கண் ஓரங்கள் இன்னும் சிவந்திருந்தன. "எனக்கே தெரியல ஹலிங்கா. க்ரென்னா, நெஞ்சான்னு உள்ளுக்குள்ள இருந்த எனக்கே தெரியல. அவ்வளவுதான், வந்துடுச்சுன்னு நினைச்சேன். அப்புறம் திரை இறங்கற சத்தம் கேட்டுது."

சுவரில் கையை வைத்தார்.

"தலைவர் திட்டினாரா?"

"திட்டினார்."

"வேலை போயிடும்னாரா?"

"இன்னொரு தடவை ஆனா போயிடும்னார்."

"அதுதான் எனக்குப் பயம். இனிமே நீ யோசிப்பே. கையைத் தூக்குவே, பொத்தான்கிட்ட கொண்டு போவே, கிழங்கா நெஞ்சான்னு யோசிச்சுட்டு நிப்பே. நல்ல பொண்ணு நீ, யோசிக்காம இருக்க உன்னால முடியாது." கமில் வரும் காலடி கேட்டது. அவர் குனிந்து, அம்மா பேச்சில், அவசரமாகச் சொன்னார்: "இதை உன்கிட்ட கேக்க எனக்கு உரிமை கிடையாது. ஆனா வேற யார்கிட்ட கேப்பேன்? வெள்ளிக்கிழமை மறுபடியும் தப்பு பண்ணும்மா."